சுரண்டாமல் அடித்த வெள்ளை

(அண்ணல் அம்பேத்கர் பிறந்தநாளையொட்டி, திண்டுக்கல் மாவட்டம் சாணார்பட்டியில் தெருப் படிப்பகம் ஒன்றின் சுவரோவியத் திறப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்.)



திண்டுக்கல்லில் இருந்து நத்தம் சாலையில் பேருந்து ஏறி இங்கே வந்த எல்லாரும் ஒருவருடைய எழுத்தைப் படித்துக்கொண்டேதான் வந்திருக்கிறீர்கள். உரக்கடைச் சுவர், ஓட்டுவீட்டுச் சுவரில் சிமெண்டு விளம்பரம், பள்ளிக்கூடச் சுவரில் தலைவர்கள் வரிசை, சுகாதார வாசகம், தேர்தல் வந்தால் சின்னங்கள். அதில் பாதியை எழுதியவர் இந்தக் கூட்டத்தின் கடைசி வரிசையில் வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருக்கிறார். நமக்குப் பின்னால் சுவரில் இருக்கும் இந்த அம்பேத்கரும் அவர் கைதான். மேடைக்கு வாங்க என்றோம், வரவில்லை. "பேரை மட்டும் சொல்லிப்புடாத பாப்பா, பொழப்பு கெட்டுப்போகும்" என்றார். பெயரைச் சொன்னால் ஏன் பிழைப்பு கெடும்? அதைப் பற்றித்தான் பேசப்போகிறேன். அவரை மாமா என்றே குறிப்பிடுகிறேன். எனக்கு அவர் அந்த முறைதான்.

முதலில் என் தவறிலிருந்து தொடங்குகிறேன். தமிழ்நாட்டின் அரசியல் சுவரெழுத்தைப் பற்றித்தான் முனைவர் பட்ட ஆய்வு செய்கிறேன். முதல் இரண்டு ஆண்டுகள் ஊர் ஊராகப் போய் நூற்றுக்கணக்கான சுவர்களைப் படம் எடுத்தேன். எந்தக் கட்சி, என்ன வாசகம், எழுத்தின் அளவு, நிறம் எல்லாவற்றையும் அட்டவணை போட்டேன். ஒரு கருத்தரங்கில் அந்தப் படங்களைக் காட்டிப் பேசிக் கைதட்டும் வாங்கினேன். ஊருக்கு வந்தபோது மடிக்கணினியில் மாமாவுக்கும் காட்டினேன். ஒவ்வொன்றாகப் பார்த்தார். ஒரு படத்தில் நிறுத்தி, "இது என் சுவர்தான். மூலைய வெட்டிப்புட்டியே பாப்பா" என்றார்.

சுவரின் வலது கீழ் மூலையில் எழுதியவரின் பெயரும் கைப்பேசி எண்ணும் இருக்கும் இல்லையா, அதைச் சொன்னார். படம் அழகாக வரவேண்டும் என்று நான் அந்த மூலையைக் கத்தரித்திருந்தேன். ஒன்றிரண்டில் இல்லை, பெரும்பாலான படங்களில். சாதி எதிர்ப்பு பேசுகிற நான், உழைத்தவரின் பெயரை வெட்டி எறிந்துவிட்டு உழைப்பைப் பற்றிக் கட்டுரை எழுதியிருக்கிறேன். பிறகுதான் சுவரை விட்டுவிட்டு அதை எழுதியவரோடு நடக்க ஆரம்பித்தேன்.

மாமா எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவர். பக்கத்து ஊர்க்காரர் ஒருவரிடம் டப்பா கழுவும் பையனாகச் சேர்ந்து தொழில் கற்றார். ஒரு சுவரை அவர் எப்படித் தொடங்குவார் தெரியுமா? முதலில் விரல் முட்டியால் தட்டிப் பார்ப்பார். பொத்தென்று சத்தம் கேட்கும் இடத்தில் பூச்சு விட்டிருக்கிறது என்று பொருள். அங்கே பட்டைத் தகடால் சுரண்டுவார். பிறகு சுண்ணாம்பில் வஜ்ஜிரம் காய்ச்சி ஊற்றிக் கலக்கி அடிப்பார். வஜ்ஜிரம் சேராத சுண்ணாம்பு, சாய்ந்தால் சட்டையில் ஒட்டிக்கொண்டு வந்துவிடும். காய்ந்த பிறகு நூலில் நீலப்பொடி தடவி, இரண்டு முனையிலும் இழுத்துப் பிடித்து நடுவில் ஒரு சுண்டு. நேர்கோடு விழுந்துவிடும். அதற்கு மேல்தான் எழுத்து. முகம் வரைவதாக இருந்தால் சின்னப் படத்தில் கட்டம் போட்டு, அதே கணக்கில் சுவரிலும் பெரிய கட்டம் போட்டு, ஒவ்வொரு கட்டமாக நிரப்புவார்.

வஜ்ஜிரம் எதிலிருந்து வருகிறது? மாட்டின் தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுக்கும் பசை அது. தோல் வேலை செய்தவர்களை ஊருக்கு வெளியே நிறுத்திய மனிதர்கள், அந்தத் தோலைக் காய்ச்சிய பசையை வீட்டு நெற்றியில் பூசிக்கொள்கிறார்கள். மாமா இதைச் சொல்லிவிட்டுச் சிரிப்பார். பசைக்குத் தீட்டு இல்லை, பூசுகிறவனுக்குத்தான் தீட்டு.

இப்படிப் பல ஆண்டுகளாக அவர் எழுதிய சுவர்களில் பெரும்பகுதி அவர் சாய்ந்து உட்கார முடியாத சுவர்கள். ஒரு வீட்டில் நாள் முழுக்க வெயிலில் நின்று எழுதினார். தண்ணீர் கேட்டார். சொம்பு வரவில்லை. பெயிண்ட் கலக்க வைத்திருந்த வாளியில் ஊற்றிக்கொள்ளச் சொன்னார்கள். அந்தச் சுவரில் அவர் அன்று எழுதிக்கொண்டிருந்தது ஒரு கட்சியின் சமூகநீதி வாசகம். எந்த ஊர், எந்தக் கட்சி என்று சொல்லப்போவதில்லை. அப்படி நடக்காத ஊர் எது என்று தேடுவதுதான் கடினம்.

சுவர் என்பதை நாம் வெறும் வெற்றிடமாக நினைக்கிறோம். கிராமத்தில் சுவருக்கு உடைமையாளர் உண்டு, உடைமையாளருக்குச் சாதி உண்டு. தேர்தலுக்கு ஆறு மாதம் முன்பே "இச்சுவர் இன்ன கட்சிக்கு ஒதுக்கப்பட்டது" என்று ஒரு வரி எழுதி வைப்பார்கள், பார்த்திருப்பீர்கள். மெயின் ரோட்டுச் சுவர்கள் முதலில் போகும். பெரிய கட்சி யாராக இருந்தாலும் கிடைத்துவிடும். விடுதலைச் சிறுத்தைகளின் பானையை வரைய வேண்டி வந்தபோது மாமாவுக்கு ஊருக்குள் ஒரு சுவரும் கிடைக்கவில்லை. நம் தெருவுக்குள்ளேயே, நமக்கு நாமே பார்த்துக்கொள்ளும்படி வரைந்துவிட்டுத் திரும்பினார். ஒரு சின்னத்தில் என்ன இருக்கிறது என்று கேட்காதீர்கள். 2019 ஏப்ரல் 18, மக்களவைத் தேர்தல் வாக்குப்பதிவு நாள். அரியலூர் மாவட்டம் பொன்பரப்பியில் பட்டியல் சாதி மக்களின் வீடுகள் அடித்து நொறுக்கப்பட்டன. தெருவில் பானையைப் போட்டு உடைத்ததில் இருந்துதான் அந்தத் தகராறு தொடங்கியது என்று செய்திகள் வந்தன. சின்னத்தை உடைத்த கை, அடுத்து வீட்டை உடைத்தது.

பா. இரஞ்சித்தின் 'மெட்ராஸ்' 2014-இல் வந்தபோது, ஒரு சுவருக்காக உயிர் போகுமா என்று கேட்ட விமர்சகர்கள் உண்டு. போகும் என்று நம் தெருப் பிள்ளைகளுக்குத் தெரிந்திருந்தது. அதே தமிழ்நாட்டில் சுவரே சாதியாக எழுந்து நிற்பதையும் பார்த்திருக்கிறோம். மதுரை மாவட்டம் உத்தப்புரத்தில் 1989-இல் கட்டிய தீண்டாமைச் சுவரில் ஒரு பாதை திறக்க 2008 மே 6 வரை ஆனது. மேட்டுப்பாளையம் நடூரில் 2019 டிசம்பர் 2 விடியற்காலையில் ஒரு பெருஞ்சுவர் இடிந்து விழுந்து, தூங்கிக்கொண்டிருந்த 17 பேரைக் கொன்றது. இறந்தவர்கள் தலித் மக்கள். எனவே யாராவது உங்களிடம் சுவரோவியத்தின் அழகைப் பற்றிப் பேசினால், முதலில் சுவர் யாருடையது என்று கேளுங்கள்.

அடுத்தது, அழிப்பது. சுவர் எழுதுகிறவரின் தொழிலில் பாதி அழிப்பதுதான். தேர்தல் அறிவிப்பு வந்ததும் நடத்தை விதிப்படி அரசுக் கட்டடங்களில் 24 மணி நேரத்துக்குள், பொது இடங்களில் 48 மணி நேரத்துக்குள் கட்சி எழுத்துகளை நீக்க வேண்டும். எழுதினவரையே கூப்பிட்டு வெள்ளையடிக்கச் சொல்வதும் நடக்கும். "எழுதவும் கூலி, அழிக்கவும் கூலி. அழிக்கிறதுக்குத்தான் காசு உடனே வரும்" என்பார் மாமா.

அழிப்பதும் ஓர் அரசியல் என்று இந்த மண்ணுக்குக் கற்றுக்கொடுத்தவர் பெரியார். உணவகப் பெயர்ப்பலகைகளில் இருந்த 'பிராமணாள்' என்ற சொல்லை நீக்கச் சொல்லி 1957-இல் போராட்டம் அறிவித்தார். சென்னை திருவல்லிக்கேணி முரளி கபே வாசலில் தொண்டர்கள் மாதக்கணக்கில் மறியல் செய்து சிறைக்குப் போனார்கள். கடைசியில் அந்தச் சொல் பலகையிலிருந்து போனது. ஒரு சொல்லை அழிக்க ஆயிரக்கணக்கான மணி நேர மனித உழைப்பு. பெயிண்டருக்கு அது ஐந்து நிமிட வேலை.

இந்த ஊர்ப் பெயரையே எடுத்துக்கொள்ளுங்கள். சாணார்பட்டி. இழிவாக உச்சரிக்கப்பட்ட அந்தச் சாதிப் பெயர் வேண்டாம் என்று அந்த மக்கள் பல பத்தாண்டுகள் போராடி, 1921 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 'நாடார்' என்ற பெயரைப் பெற்றார்கள். நூறு ஆண்டுகள் கடந்தும் ஊர்ப்பலகையில் பழைய சொல் நிற்கிறது. நம் தெருவின் கதை வேறு. 2025 ஏப்ரல் 29 அன்று சட்டமன்றத்தில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின், ஆதிக்கத்தின் அடையாளமாகவும் வசைச்சொல்லாகவும் ஆகிவிட்ட 'காலனி' என்ற சொல் அரசு ஆவணங்களிலிருந்தும் பொதுப் புழக்கத்திலிருந்தும் நீக்கப்படும் என்று அறிவித்தார். அதே ஆண்டு அக்டோபரில் தெருக்கள், குடியிருப்புகள், நீர்நிலைகளில் இருக்கும் சாதிப் பெயர்களை நீக்க அரசாணையும் வந்தது. அது நீதிமன்றம் வரை போனது. இந்த முடிவை நான் வரவேற்கிறேன். அம்மா வீட்டு முகவரியை எழுதும் ஒவ்வொரு முறையும் என் சாதியைச் சேர்த்து எழுதியவள் நான். பள்ளியில், வங்கியில், பாஸ்போர்ட் விண்ணப்பத்தில்.

அறிவிப்புக்குப் பிறகு ஒரு தெருமுனைச் சுவரில் இருந்த 'காலனி'யை அழிக்கும் வேலை மாமாவுக்கு வந்தது. வேலை கொடுத்தவர் அவசரப்பட்டார். "சும்மா ரெண்டு கோட்டிங் வெள்ளைய அடிச்சு விடுங்க, போட்டோ எடுத்து அனுப்பணும்." மாமா சொன்னார்: "இது எனாமல் எழுத்து. சுரண்டாம அடிச்சா நாளைக்கு வெளிய வந்துரும்." சுரண்டக் கூலி கொடுக்க மாட்டோம் என்றார்கள். அடித்தார். படம் எடுத்தார்கள், போனார்கள். ஒரு மழை பெய்தது. இப்போது போய்ப் பாருங்கள். வெள்ளைக்கு அடியில் மங்கலாக, ஆனால் படிக்கும்படி, 'காலனி' நிற்கிறது.

தோழர்களே, நம் இயக்க மேடைகளில் 'சுரண்டல்' என்ற சொல்லுக்கு ஒரே பொருள்தான். மாமாவிடம் அதற்கு இன்னொரு பொருளைக் கற்றேன். மேலே புது எழுத்து நிற்க வேண்டுமானால் அடியில் இருப்பதைச் சுரண்டித்தான் ஆகவேண்டும். அது மெதுவான வேலை, தூசி பறக்கும், கை காய்க்கும், போட்டோவில் வராது. பெயரை மாற்றிய தெருவுக்குப் பொதுச் சுடுகாட்டில் இடம் உண்டா, தேர் அந்தத் தெருவுக்குள் வருமா, டீக்கடையில் டம்ளர் ஒன்றா இரண்டா என்று கேட்பதுதான் சுரண்டும் வேலை. அதற்குத்தான் யாரும் கூலி ஒதுக்குவதில்லை.

இனி பிளெக்ஸ் பற்றி. கைவேலைக் கலை அழிந்துவிட்டது, பிளெக்ஸ் கொன்றுவிட்டது என்று நகரத்து நண்பர்கள் புலம்புவார்கள். நான் அந்த ஒப்பாரியில் முழுதாகச் சேரமாட்டேன். மாமாவின் வருமானத்தைப் பாதிக்கும் கீழே தள்ளியது பிளெக்ஸ்தான், உண்மை. ஆனால் சுவர் இல்லாத நம் பையன்களுக்கு நான்கு சவுக்குக் குச்சி நட்டால் போதும் என்று இடம் கொடுத்ததும் அதுதான். காதணி விழாவுக்கும், மஞ்சள் நீராட்டுக்கும், அம்பேத்கர் பிறந்தநாளுக்கும் நம் முகம் முதன்முதலாக மெயின் ரோட்டில் பெரிதாக நின்றது பிளெக்ஸில். அதனால்தான் அது கிழிக்கவும் பட்டது. அதேசமயம் 2019 செப்டம்பரில் பள்ளிக்கரணையில் சுபஸ்ரீ என்ற இளம்பெண் மீது பேனர் சரிந்து அவர் உயிர் போனதையும் மறக்கக்கூடாது. ஆகவே நான் பழையது பொற்காலம் என்று சொல்ல வரவில்லை. கையால் எழுதிய காலத்திலும் சுவர் நமக்குக் கிடைக்கவில்லை என்பதை மட்டும் நினைவுபடுத்துகிறேன்.

இன்னொரு மாற்றமும் நடந்திருக்கிறது. சுவரில் வரைவது இப்போது நகரங்களில் மதிப்பான கலை. 2020 தொடக்கத்தில் சென்னை கண்ணகி நகரில் ஸ்டார்ட் இந்தியா அறக்கட்டளை, மாநகராட்சியோடு சேர்ந்து அடுக்குமாடிச் சுவர்களில் பெரிய ஓவியங்களை வரைந்தது. ஏ-கில் போன்ற பெயர்பெற்ற ஓவியர்கள் வரைந்தார்கள். போய்ப் பார்த்தேன், படங்கள் நன்றாகவே இருக்கின்றன. குழந்தைகளுக்கும் பிடித்திருக்கிறது. ஆனால் கண்ணகி நகர் எப்படி வந்தது? சென்னைக்குள் ஆற்றோரங்களிலும் சாலையோரங்களிலும் இருந்தவர்களை 2000-ஆம் ஆண்டு முதல் கொண்டுபோய் நகரத்துக்கு வெளியே குவித்த 15,000-க்கும் மேற்பட்ட சின்னஞ்சிறு வீடுகள். அங்கே குடிவைக்கப்பட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் தலித் மக்கள். முகவரியைச் சொன்னால் வேலை கிடைக்காது என்று அங்கிருக்கும் இளைஞர்கள் சொல்வார்கள். சுவரில் வண்ணம் ஏறியதும் செய்தியாளர்கள் வந்தார்கள். ஆனால் அந்தப் பெயரை நாடே மரியாதையோடு உச்சரித்தது 2025 அக்டோபரில், பஹ்ரைனில் ஆசிய இளையோர் விளையாட்டில் கபடித் தங்கம் வென்ற அணியில் அங்கே வளர்ந்த கார்த்திகா இருந்தபோது. 'கண்ணகி நகர் கார்த்திகா' என்று ஊரைத் தன் பெயரோடு சேர்த்துச் சொல்ல வைத்தார் அவர். வண்ணத்தை நான் குறை சொல்லவில்லை. அதற்கு அடியில் சுரண்டியது அந்தப் பெண்.

யார் கலைஞர், யார் பெயிண்டர் என்பதும் இங்கேதான் வருகிறது. கட்டம் போட்டு முகம் வரைவது இருவருக்கும் ஒரே வேலைதான். ஒருவருக்குக் 'கலைஞர்' என்று பெயர். மற்றவர் 'ஏம்ப்பா பெயிண்டர்'. இந்தக் கோட்டை எப்படி அழிப்பது என்பதற்குப் பீகாரின் மிதிலையில் ஒரு முன்னுதாரணம் இருக்கிறது. மதுபனி ஓவியம் என்று நாம் சொல்வது அந்த ஊர்ப் பெண்கள் வீட்டுச் சுவரில் வரைந்தது. 1960களின் பஞ்ச காலத்தில் அதைத் தாளில் வரையச் செய்து அரசு சந்தைக்குக் கொண்டுவந்தபோது, முன்னே வந்தவர்கள் பிராமண, காயஸ்த வீட்டுப் பெண்கள். புராணத் தெய்வங்கள் அவர்கள் பொருள். துசாத் சமூகத்தைச் சேர்ந்த தலித் பெண்கள் 1970களில் தாளைக் கையில் எடுத்தபோது, தங்கள் உடம்பில் இருந்த பச்சைக்குத்துக் கோலங்களையே தூரிகைக்குக் கொண்டுவந்தார்கள். கோத்னா என்று அதற்குப் பெயர். ராமனுக்குப் பதிலாகத் தங்கள் வீரன் ராஜா சல்ஹேஸை வரைந்தார்கள். அந்த வழியில் வந்த சாந்தி தேவி பாஸ்வான், சிவன் பாஸ்வான் தம்பதிக்கு 2024-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. மீனவச் சமூகத்தில் பிறந்து, ஓவியர்கள் வீட்டில் வேலைக்குப் போய் அங்கே வரையக் கற்ற துலாரி தேவிக்கு 2021-இலேயே கிடைத்தது. விருது வந்தது பிறகு. முதலில் அவர்கள் தங்கள் படத்தைத் தாங்களே முடிவு செய்தார்கள், அதற்குத் தங்கள் பெயரைப் போட்டார்கள்.

பெயர் என்றதும் மாமாவிடமே திரும்பி வருகிறேன். இந்தச் சுவரைப் பாருங்கள். கண்ணாடி, நீலக் கோட்டு, கையில் அரசமைப்புச் சட்டம். அந்தக் கண்ணாடிச் சட்டத்தின் வளைவுக்காக மட்டும் அரை நாள் எடுத்துக்கொண்டார். வலது கீழ் மூலையில் ஒரு முழம் இடம் வெறுமையாக இருக்கிறது. நேற்று இரவு இங்கே இருந்த தம்பிகள் அவரிடம் சண்டையே போட்டார்கள். "பேர் போடுங்க மாமா, நாங்க இருக்கோம்" என்றார்கள். நானும் சேர்ந்துகொண்டேன். ஏற்கெனவே அவர் பெயரை வெட்டிய குற்ற உணர்ச்சி எனக்கு.

அவர் பொறுமையாகப் பதில் சொன்னார். "உரக்கடைக்காரர் வருசத்துக்கு ரெண்டு தடவ கூப்பிடுவாரு. கோயில் காம்பவுண்டுக்கு நம்மள விடலைன்னாலும் கல்யாண மண்டபத்துக்குக் கூப்பிடுவாங்க. இந்தப் படத்துக்குக் கீழ என் பேரப் பார்த்தா, அடுத்த வருசம் வேற ஆளுக்குப் போயிரும். நீங்க இருக்கீங்க, சரி. நீங்க எனக்கு வேல கொடுப்பீங்களா?"

எங்களில் ஒருவருக்கும் பதில் இல்லை. ஏனென்றால் நேற்றைய கூட்ட விளம்பரத்துக்கு நாம் பிளெக்ஸ்தான் அடித்திருந்தோம். மாமாவின் துணிச்சல் போதவில்லை என்று நாம் நினைத்தது தவறு. கையெழுத்துப் போடும் விலை முழுவதையும் அவர் ஒருவர் தலையில் வைத்துவிட்டு, பெருமையை மட்டும் நாம் பங்கு கேட்டிருக்கிறோம். ஊர்க் கட்டுப்பாட்டுக்கு அடியில் இருப்பது பிழைப்பு. அதைச் சுரண்டாமல் மேலே துணிச்சலைப் பூசச் சொன்னோம்.

எனவே வாழ்த்துரைக்குப் பதிலாக ஒரு கணக்கைச் சொல்லி முடிக்கிறேன். நம் தெருவில் எத்தனை பெட்டிக்கடை, தையல் கடை, ஆட்டோ, மினி வேன் இருக்கின்றன? பக்கத்து ஊர்களின் நம் தெருக்களையும் சேருங்கள். எல்லாவற்றுக்கும் பெயர் எழுத வேண்டும். படிப்பகத்துக்கு உள்சுவர் நான்கு இருக்கிறது. இரட்டைமலை சீனிவாசன், அயோத்திதாசர், சாவித்திரிபாய், மீனாம்பாள் சிவராஜ் என்று வரிசையே காத்திருக்கிறது. கூலி கொடுத்து வரைய வேண்டும், இயக்கத்துக்காக இலவசமாக அல்ல. ஓராண்டுக்கு அவருக்குப் போதுமான வேலையை நம்மால் சேர்க்க முடிந்தால், அடுத்த ஏப்ரல் 14-க்கு அந்த மூலையைப் பற்றி அவரிடம் மறுபடி பேசும் தகுதி நமக்கு வரும். அப்போதும் பெயர் போடுவதா வேண்டாமா என்பது அவர் முடிவு. அதுவரை அந்த ஒரு முழத்தில் யாரும் எதையும் எழுதவோ ஒட்டவோ வேண்டாம். முக்கியமாக, படம் எடுக்கிற தம்பிகள் அந்த மூலையைச் சேர்த்தே எடுங்கள்.

ஜெய்பீம்.